மூன்றாம் எதிரி மயிலாத்தாள்

காங்கேயத்தில் மயிலக்காவைத் தெரியாது என்று யாராவது சொன்னால் அவர் தேங்காய் வியாபாரத்தில் இல்லை என்று அர்த்தம். பழையகோட்டை ரோட்டில் இருக்கும் அவர்களுடைய கொப்பரைக் களத்துக்கு, கூலிப் பெண்கள் வருவதற்கு முன்னாலேயே அக்கா வந்து நின்றுகொண்டிருப்பார். தலையில் ஒரு துண்டு, சேலைக்கு மேலே புருஷனுடைய பழைய சட்டை, இடுப்பில் செருகிய செல்போன். காயப்போட்ட தேங்காய்ப் பருப்பில் ஒன்றை எடுத்து ஒடிப்பார். "இன்னும் ஒரு வெயில் கேக்குது. ஆரும் அள்ளாதீங்க" என்பார். அன்றைக்கு யாரும் அள்ள மாட்டார்கள்.

நான் கோர்ட்டுக்கு எதிரில் இருக்கும் வக்கீல் சென்னியப்பன் ஆபீசில் டைப் அடிக்கிறவள். பெயர் வசுமதி. மெஷின் போய்க் கம்ப்யூட்டர் வந்து எத்தனையோ காலமாகிவிட்டது, ஆனாலும் ஊருக்கு நான் 'டைப்படிக்கிற புள்ள'தான். தலை நரைத்த பிறகும் புள்ள. எங்கள் ஆபீசில் பாதிக்குப் பாதி செக் கேஸ். இந்த ஊரில் அரிசி மில்லும் எண்ணெய் மில்லும் இருக்கும்வரை செக் எழுதுவார்கள், எழுதியது பணமில்லாமல் திரும்பும், திரும்பியதைத் தூக்கிக்கொண்டு எங்கள் படி ஏறுவார்கள். எனக்குச் சோறு போடுவது அந்தச் செக்குகள்தான் என்பதால் அவற்றைக் குறை சொல்ல எனக்கு வாய் கிடையாது. ஆனாலும் மயிலக்கா விஷயத்தை நினைத்தால் வயிறு எரிகிறது.

மயிலக்கா முத்தூர்ப் பக்கத்துப் பெண். ஒன்பதாம் வகுப்போடு படிப்பை நிறுத்தி, குழந்தைவேல் அண்ணனுக்குக் கட்டிக்கொடுத்தார்கள். அண்ணன் தங்கமான மனுஷன். அதுதான் அவரிடம் இருந்த கோளாறு. விலை பேச உட்கார்ந்தால் எதிராளி சொல்வதற்கெல்லாம் தலையாட்டிவிட்டு டீயும் வாங்கிக் கொடுத்து அனுப்புவார். மாமனார் விட்டுப்போன களம் சீக்கிரமே கடனில் முங்கியது. ஒருநாள் உடுமலைக்காரர் ஒருவர், காயாத பருப்பைக் காய்ந்த பருப்பு விலைக்கு அண்ணன் தலையில் கட்டிவிட்டுப் போய்விட்டார். அக்கா கைக்குழந்தையை இடுப்பில் இடுக்கிக்கொண்டு, ஒரு மூட்டையைப் பஸ்ஸில் ஏற்றிக்கொண்டு போய், அவர் வீட்டு வாசலிலேயே அவிழ்த்துக் கொட்டினாராம்.

"இந்தாங்க, உங்கூட்டுச் சட்டினிக்குப் போட்டு அரைச்சுக்கோங்க. எங்க களத்துக்கு இது ஆகாது."

உடுமலைக்காரர் பணத்தைத் திருப்பிக் கொடுத்தார். அன்றிலிருந்து விலை பேசுவது அக்கா. தோப்புக்காரர்கள், லாரிக்காரர்கள், எண்ணெய் வாங்குகிறவர்கள் எல்லோரும் அக்காவின் போனுக்குத்தான் கூப்பிட்டார்கள். களத்தோடு ஒரு சின்ன எண்ணெய் மில்லும் வந்தது. வரிக்கு நல்லது என்று ஆடிட்டர் சொன்னதால் புருஷனும் பெண்டாட்டியும் பங்குதாரர்கள் என்று ஒரு பத்திரம் எழுதி வைத்தார்கள். அதை அக்கா படித்துக்கூடப் பார்க்கவில்லை.

ஒன்றே ஒன்றை மட்டும் அக்கா அண்ணனிடம் விட்டுவைத்தார். செக்கில் போடும் கையெழுத்து. பேங்குக் கணக்கு அண்ணன் ஒருவருடைய கையெழுத்தில்தான் ஓடியது. ஊருக்கு முன்னால் புருஷனுடைய மரியாதை குறைந்துவிடக் கூடாது என்பது அக்காவின் எண்ணம். சாயங்காலம் அண்ணன் மேஜைக்குப் பின்னால் நாற்காலியில் உட்காருவார். அக்கா நின்றுகொண்டே யாருக்கு எவ்வளவு என்று சொல்லிவிட்டு, "போடுங்க மாமா" என்பார். அண்ணன் போடுவார். "மொதலாளியம்மா சொன்னா மறுபேச்சு உண்டுங்களா" என்று அண்ணனே கேலி பேசுவார். இந்த ஊரில் பாதி வீடுகளில் இப்படித்தான் நடக்கிறது. தப்பென்று யாரும் நினைத்ததில்லை.

போன வருஷத்துக்கு முந்தின வருஷம் வடக்கே போன எண்ணெய்க்குப் பணம் வரவில்லை. வாங்கினவன் போனை எடுக்கவில்லை, பிறகு அந்த நம்பரே இல்லை என்றது. அந்த நேரம் பார்த்து எண்ணெய் விலையும் விழுந்தது. அக்கா எப்படியும் சமாளித்துவிடலாம் என்று நினைத்து அங்கமுத்துவிடம் புதிதாகப் பருப்பு எடுத்தார்.

அங்கமுத்து நத்தக்காடையூர்க்காரர். லாரியில் கிளீனராக வந்துகொண்டிருந்தவர். "நீ எதுக்குடா அடுத்தவன் லாரிக்கு டயர் மாத்தற? நாலு தோப்புப் பேசி எடு, காயவெச்சு எனக்குப் போடு" என்று அவரை இந்த வியாபாரத்தில் இறக்கிவிட்டதே அக்காதான். இன்றைக்கு அவருக்கும் சொந்தக் களம், கார் எல்லாம் இருக்கிறது. ஆனாலும் அக்காவுக்கு அவர் வாடா போடாதான். அவரும் "சொல்லுங்க்கா" என்பதற்கு மேல் ஒரு வார்த்தை பேச மாட்டார்.

அக்கா போனில் கேட்டார், அங்கமுத்து அனுப்பினார். பதினோரு லட்சத்துச் சொச்சம். அக்கா "போடுங்க மாமா" என்றார், அண்ணன் செக்கில் கையெழுத்துப் போட்டார். அது திரும்பியது. அக்கா தவணை கேட்டார், அங்கமுத்து பொறுத்தார், செக்கை மறுபடி பேங்கில் போட்டார், மறுபடியும் திரும்பியது. அவருக்கும் பின்னால் தோப்புக்காரர்கள் நிற்கிறார்களே, அவர்களுக்கு என்ன பதில் சொல்வார்? தாராபுரத்தில் ஒரு வக்கீலைப் பிடித்து நோட்டீஸ் விட்டார். அப்புறம் கோர்ட்டுக்குப் போனார். அதை நான் தப்பு சொல்ல மாட்டேன்.

சம்மன் வந்தது. மில் முதல் எதிரி, அண்ணன் இரண்டாம் எதிரி, அக்கா மூன்றாம் எதிரி. பங்குதாரர் பத்திரத்தில் பெயர் இருக்கிறது என்று அங்கமுத்துவின் வக்கீல் அக்காவையும் சேர்த்துவிட்டார்.

முதல் வாய்தா அன்றைக்கு நானும் கோர்ட்டு வராந்தாவில் ஒரு கேஸ் கட்டோடு நின்றிருந்தேன். செக் கேஸ் எடுக்கும் நாள் என்பதால் வராந்தா முழுக்க நம் களத்துக்காரர்களும் மில்காரர்களும்தான், கல்யாண வீட்டுக் கூட்டம் மாதிரி. அக்காவைப் பார்த்ததும் எல்லோரும் நகர்ந்து பெஞ்சில் இடம் விட்டார்கள். டவாலி வெளியே வந்து கூப்பிட்டார்.

"குழந்தைவேலு! குழந்தைவேலு! குழந்தைவேலு!"

அண்ணன் எழுந்தார்.

"மயிலாத்தா! மயிலாத்தா! மயிலாத்தா!"

அக்கா எழுந்திருக்கவில்லை. காது கேட்காதவர் மாதிரி எதிர்ச் சுவரைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். பெஞ்சில் இருந்த அத்தனை பேரும் ஒரே நேரத்தில் தங்கள் செருப்பைப் பார்த்தார்கள். டவாலி மேல் தப்பில்லை, அவர் எல்லோரையும் அப்படித்தான் கூப்பிடுவார். அண்ணன் முழங்கையைத் தொட்டபிறகுதான் அக்கா எழுந்து உள்ளே போய்க் கூண்டில் ஏறினார்.

திரும்பி எங்கள் ஆபீசுக்கு வந்ததும் தண்ணீர்கூடக் குடிக்கவில்லை.

"அம்மிணி, எங்கப்பன் வெச்ச பேரு இத்தன அசிங்கமா இருக்கும்னு எனக்கு இன்னைக்குத்தான் தெரிஞ்சுது" என்றார். பிறகு வக்கீலிடம், "அடுத்த வாய்தாவுக்கு நான் வர மாட்டனுங்க. நான் செத்துப் போயிட்டன்னு எழுதிக் குடுத்துருங்க."

"சாகறதெல்லாம் எதுக்குங்க்கா? ஐகோர்ட்டுல குவாஷ் போட்டுரலாம்" என்றார் சென்னியப்பன். கீழே நடக்கிற கேஸை முளையிலேயே ரத்து செய்யச் சொல்லி மேலே கேட்பதுதான் குவாஷ். "செக்குல கையெழுத்து உங்களுது இல்ல. பத்திரத்துல பேரு இருந்தா மட்டும் பத்தாதுங்க. யாவாரத்தை நீங்க பொறுப்பா நடத்துனீங்கன்னு அவங்க காட்டோணும். நடத்தலைன்னு நாம சொல்லிட்டா, உங்க வரைக்கும் கேசு உடைஞ்சு போகும்."

அண்ணன் முகம் மலர்ந்துவிட்டது. "அப்ப இன்னைக்கே போடுங்க. எனக்கு என்ன ஆனாலும் சரி. இவ பேரை அந்தாளு இன்னொருக்கா அப்படிக் கூப்பிடக் கூடாது."

அடுத்த வாரம் மனு தயாரானது. மனு இங்கிலீஷில் இருக்கும். கையெழுத்துப் போடுகிறவருக்கு அது தெரியாது என்றால் தமிழில் படித்துச் சொல்லி, புரிந்தது என்று அவர் ஒப்புக்கொண்ட பிறகுதான் கையெழுத்து வாங்க வேண்டும். அந்த வேலை என்னுடையது.

"'மனுதாரர் ஒரு குடும்பப் பெண். வீட்டு வேலைகளைத் தவிர வேறு எதுவும் அறியாதவர்'" என்று ஆரம்பித்தேன்.

அக்கா அண்ணனைப் பார்த்துச் சிரித்தார். "எங்கூட்டுல சோறு பொங்கறது அவிய. அது கெடக்குது, நீ படி."

"'இவர் பெயரளவில் மட்டுமே பங்குதாரர். ஸ்லீப்பிங் பார்ட்னர்.'"

"அப்படின்னா?"

"தூங்கற பங்குதாரருங்க்கா. பணத்தைப் போட்டுட்டு யாவாரத்துல தலையிடாம இருக்கறவங்களை அப்படிச் சொல்றது."

"தூங்கறதா!" அக்காவுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. "ஏனுங்க வக்கீலு, தூங்கற பொம்பளையா இருந்தா இவியளைக் கட்டிட்டு இத்தன நாளைக்குக் குடும்பம் பண்ணியிருப்பனா?"

வக்கீலும் சிரித்தார், அண்ணனும் சிரித்தார். நான் அடுத்த பாராவுக்குப் போனேன்.

"'கொப்பரை கொள்முதல் பற்றியோ, அதன் தரம், விலை பற்றியோ மனுதாரருக்கு எந்த விவரமும் தெரியாது. புகார் கொடுத்த அங்கமுத்து யாரென்றே இவருக்குத் தெரியாது. எல்லாவற்றையும் இரண்டாம் எதிரியான கணவர் ஒருவரே பார்த்துவந்தார்.'"

சிரிப்பு நின்றுவிட்டது.

"அங்கமுத்துவை எனக்குத் தெரியாதா?" என்றார் அக்கா.

"எழுத்துல மட்டுந்தானுங்க்கா" என்றார் வக்கீல்.

"அவன் கல்யாணத்துக்கு நகை எடுக்கறதுக்கு அவங்கம்மாகூடக் கடையேறுனது நானுங்க. அவம் பொண்டாட்டிக்கு மொதக் கொழந்தை பொறக்கயில ஆஸ்பத்திரியில படுத்துக் கெடந்தது நானு."

"அதெல்லாம் ஜட்ஜுக்குத் தெரியாதுங்களே."

"அவனுக்குத் தெரியுமே."

அக்கா மனுவைக் கையில் வாங்கி, படிக்கத் தெரியாத அந்த எழுத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, பருப்பு விலையில் பேரம் பேசுகிறவர் மாதிரி குரலை இறக்கினார்.

"வக்கீலு, தூங்கறன்னு வேணும்னா எழுதிக்கோங்க. அங்கமுத்துவைத் தெரியாதுங்கறதையும், பருப்பைப் பத்தித் தெரியாதுங்கறதையும் மட்டும் எடுத்துப்போடுங்க. அது ரெண்டும் வேண்டாம்."

"அது ரெண்டுந்தானுங்க்கா கேசு. அதை எடுத்துட்டா மிச்சம் வெறும் காயிதம்."

"இவியதான் எல்லாம் பாத்தாருன்னு இருக்குதே. அப்ப நாளைக்கு இவிய தலையிலதானே விடியும்?"

அண்ணன் தன் நாற்காலியை அக்கா பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டார். "செக்குல இருக்கறது எங்கையெழுத்து கண்ணு. எப்படி எழுதுனாலும் எனக்கு விடியறது விடியத்தான் போகுது. ஒருத்தராச்சும் வெளிய நிக்கலாம். போடு கண்ணு."

இத்தனை வருஷம் அக்கா சொல்லி அண்ணன் போட்டார். அன்றைக்கு அண்ணன் சொல்லி அக்கா போட்டார். மயிலாத்தாள் என்று எழுத்துக் கூட்டி, ஒரு புள்ளி விடாமல் எழுதினார். 'படித்துக் காட்டப்பட்டது, புரிந்துகொண்டார்' என்று கீழே ஒரு வரி உண்டு. அதை நான் படிக்காமலே மடித்து உறையில் போட்டேன்.

எனக்கு வந்த கோபத்தை யார் மேல் காட்டுவது என்று தெரியவில்லை. சென்னியப்பன் செய்தது அவர் தொழில். சட்டம் கேட்பதும் நியாயமான கேள்விதான், 'நீ பொறுப்பாக இருந்தாயா?' என்று. ஆனால் பொறுப்பாக இருந்தவர் இல்லையென்று சொல்லித் தப்பலாம், ஒன்றும் தெரியாமல் கையெழுத்துப் போட்டவர் மாட்டிக்கொள்ளலாம் என்றால் அது என்ன நியாயமோ. அன்றைக்கு முழுக்க நான் வக்கீலிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை.

மனு ஐகோர்ட்டுக்குப் போய், முடிவாகும் வரைக்கும் அக்கா கீழ்க்கோர்ட்டுக்கு வரவேண்டாம் என்று உத்தரவு வந்தது. நோட்டீஸ் அங்கமுத்துவுக்கும் போயிற்று. அடுத்த சில நாளில் எங்கள் ஆபீசுக்குக் கீழே இருக்கும் பேக்கரியில் அவரைப் பார்த்தேன். எனக்கும் ஒரு டீ சொல்லிவிட்டு, போனை என் காதுக்குப் பக்கத்தில் நீட்டினார்.

மயிலக்காவின் குரல், பருப்பு கேட்ட அன்றைக்குப் பதிவானது. "டேய் அங்கமுத்து, லோடு ஏத்தி உடுடா. பணத்துக்கு நான் பொறுப்பு. அவியளக் கேக்க வேண்டாம், நான் சொல்றன்ல."

"கேட்டீங்களா வசுக்கா? இதை எழுதிப் போட்டா அக்கா மனு நிக்காதுன்னு எங்க வக்கீலு குதிக்கறார்."

"போடப் போறீங்களா?"

"எங்கூட்டுல நேத்தே சொல்லிட்டா. அக்கா குரலக் கோர்ட்டுல போட்டுக் காட்டுனீங்கன்னா ஊட்டுல உங்களுக்குச் சோறு கெடையாது, பேக்கரியில பன்னு தின்னுட்டே பொளச்சுக்கோங்கன்னு." சிரித்துக்கொண்டே சொன்னவர் சட்டென்று சிரிப்பை நிறுத்தினார். "ஒண்ணு மட்டும் சொல்லுங்க. என்னைத் தெரியவே தெரியாதுன்னு எழுதியிருக்குதே, அது அக்கா சொன்னதா, வக்கீலு சொன்னதா?"

"அதெல்லாம் வக்கீல் எழுதறதுதானுங்க."

"கையெழுத்து?"

நான் டீயைக் குடித்தேன். அவர் எனக்கும் சேர்த்துக் காசு கொடுத்துவிட்டுப் போனார்.

இதை அக்காவிடம் சொன்னால் நிம்மதியாக இருக்கும் என்று நினைத்துக் களத்துக்குப் போய்ச் சொன்னேன். அக்கா கையில் இருந்த பருப்பைக் கீழே போட்டுவிட்டார்.

"போடச் சொல்லு அம்மிணி. அதைப் போட்டுத் தொலைக்கச் சொல்லு. கூண்டுலயே நின்னுக்கறேன்."

அங்கமுத்து போடவில்லை. அவருடைய வக்கீல் ஒப்புக்கு ஏதோ பேசிவிட்டு உட்கார்ந்தாராம். சில மாதத்தில் ஆர்டர் வந்தது. மூன்றாம் எதிரி ஸ்லீப்பிங் பார்ட்னர், அவர் பொறுப்பில் இருந்ததற்கு ஆதாரம் இல்லை, அவரைப் பொறுத்தவரை வழக்கு ரத்து. சென்னியப்பனுக்குத் தலைகால் புரியவில்லை. அதைப் படம் பிடித்துத் தன் வாட்ஸ்அப்பில் போட்டுக்கொண்டார். வெற்றி என்றால் ஊருக்குத் தெரியத்தானே வேண்டும். அங்கிருந்து அதை எவனோ எடுத்து, கொப்பரை விலை போடுகிற குரூப்பில் போட்டுவிட்டான். அன்றைக்கு விலைக்குக் கீழே அதுதான் ஓடியது.

மறுநாள் காலையில் களத்துக்கு வந்த ஒரு புரோக்கர் வண்டியை நிறுத்துவதற்கு முன்னாலேயே கத்தினார். "தூங்கற பங்குதாரருக்கு வணக்கமுங்க! எந்திரிச்சாச்சுங்களா, இல்ல அப்புறமா வரட்டுங்களா?"

தேங்காய் உடைத்துக்கொண்டிருந்த பெண்கள் குனிந்தபடியே சிரித்தார்கள். முன்னே என்றால் அந்த ஆள் அக்காவிடம் வாங்கிக் கட்டிக்கொண்டு அந்த ரோட்டுப் பக்கமே தலைகாட்டியிருக்க மாட்டார். அன்றைக்கு அக்கா துண்டை அவிழ்த்துக் கொடியில் போட்டுவிட்டு வீட்டுக்குள் போய்விட்டார்.

அதற்குப் பிறகு, வெயில் பதம் கேட்டு வருகிறவர்களிடம், "எனக்கென்ன தெரியும்? ஐகோர்ட்டே தெரியாதுன்னு சொல்லிருச்சு. அவியளக் கேளுங்க" என்பார். முதலில் வெடுக்கென்று சொன்னார். கேட்டவர்களுக்கு அது வேடிக்கையாக இருந்தது. நாளாக ஆக வெடுக்கு போய், வெறும் பதிலாகவே அது நின்றுவிட்டது. போன்கள் அண்ணனுக்குப் போக ஆரம்பித்தன. அண்ணன் தலையாட்டினார், டீ வாங்கிக் கொடுத்தார். ஈரப் பருப்பு மறுபடியும் களத்துக்கு வந்து சேர்ந்தது.

அண்ணன் கேஸ் மட்டும் கீழே நடந்தது. வாய்தாவுக்கு அக்காவும் கூடவே வருவார். கோர்ட்டுக்குள் போக மாட்டார், எங்கள் ஆபீசில் என் மேஜைக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருப்பார். டவாலி கூப்பிடுவது எங்கள் ஜன்னலுக்குத் தெளிவாகக் கேட்கும். குழந்தைவேலு என்று மூன்று முறை. ஒருமுறை, "அந்த ஜன்னலைச் சாத்து அம்மிணி" என்றார். நான் சாத்தினேன். சாத்தியும் கேட்டது.

"நான் சொல்லித்தானே போட்டாரு" என்றார் அக்கா. "அவரா ஒரு செக்கு போட்டிருப்பாரா? போடுங்க மாமான்னேன், போட்டாரு. இப்ப அவரைக் கூண்டுல ஏத்திட்டு நான் இங்க பேன் காத்துல உக்காந்துக்கிட்டிருக்கறேன்."

வாயில் முந்தானையை வைத்துக்கொண்டார். அழுதாரா என்று நான் பார்க்கவில்லை. பார்க்க எனக்கே கூச்சமாக இருந்தது.

அந்த மாதமே முத்தூர்த் தோப்பை விலை பேசிவிட்டார். அப்பா சீராக எழுதிக்கொடுத்த தோப்பு, அக்கா பெயரில் இருந்த ஒரே சொத்து. அண்ணன் எவ்வளவோ சொல்லிப் பார்த்தார், கேட்கவில்லை. பணம் கட்டிவிட்டால் செக் கேஸைச் சமாதானமாக முடித்துக்கொள்ளலாம். அங்கமுத்துவும் சரியென்றார். எல்லோரும் எங்கள் ஆபீசில் கூடினோம்.

அன்றைக்கு அக்கா பட்டுச்சேலை கட்டி, தலை வாரிப் பூ வைத்து வந்திருந்தார். அவரை நான் அப்படிப் பார்த்து வெகுநாளாகியிருந்தது. கையில் பேங்க் டிராப்ட். வட்டி கேட்கவில்லை என்றாலும் வட்டியும் சேர்த்து எடுத்திருந்தார். நிமிர்ந்து உட்கார்ந்தார். தன் சொல்லைத் தானே வந்து தீர்க்கிறவர் முகம் அது.

நான் சமாதான மனுவை அடிக்க ஆரம்பித்தேன். "'இரண்டாம் எதிரி குழந்தைவேல் இன்று முழுத் தொகையையும் செலுத்தி'" என்று வக்கீல் சொல்லிக்கொண்டு வந்தார்.

"மயிலாத்தா குடுத்ததா அடி அம்மிணி" என்றார் அக்கா. "என் தோப்பு வித்த பணம். எம்பேருல இருக்கட்டும்."

"வேண்டாமுங்க்கா" என்றார் சென்னியப்பன். "சம்பந்தமே இல்லாதவங்க எதுக்கு இத்தன பணம் கட்டுனாங்கன்னு ஒரு கேள்வி வந்தா, மேல நாம சொன்னதெல்லாம் கெட்டுப்போகும். அண்ணன் குடுத்ததாவே இருக்கட்டும். பணம் ஆருதுன்னு நமக்குத் தெரியாதா?"

அக்கா அங்கமுத்துவைப் பார்த்தார். "நீயாச்சும் சொல்லுடா. நான் கேட்டுத்தானே நீ பருப்பு ஏத்துன?"

அங்கமுத்து வக்கீலைப் பார்த்தார், அண்ணனைப் பார்த்தார், மேஜையைப் பார்த்தார். "எழுத்துல எப்படி இருக்குதோ அப்படியே இருக்கட்டுங்க்கா" என்றார்.

நான் குழந்தைவேல் என்றே அடித்தேன். அக்கா டிராப்டை நீட்டினார். அங்கமுத்து கையை முன்னால் கொண்டுவந்தவர், பாதியில் தயங்கினார்.

"அண்ணன் கையால குடுங்க, அதுதான் முறை" என்றார் வக்கீல்.

அக்கா அதை அண்ணனிடம் கொடுத்தார். அண்ணன் அங்கமுத்துவிடம் கொடுத்தார். அங்கமுத்து கண்ணில் ஒற்றிக்கொண்டு சட்டைப் பையில் வைத்தார். இரண்டு பேரும் கையெழுத்துப் போட்டார்கள். அக்காவுக்கு அந்தக் காகிதத்தில் எங்கேயும் வேலை இருக்கவில்லை.

அங்கமுத்து எழுந்தார். "பழசு முடிஞ்சுதுங்கண்ணா. இனி நம்ம யாவாரம் நம்முளுது. பருப்பு வேணும்னா சொல்லுங்க, அனுப்பி உடறேன்."

அக்கா முகத்தில் பழைய வெளிச்சம் சட்டென்று வந்தது. "ரெண்டு லோடு வேணும்டா. அடுத்த வாரம் வெயிலு நல்லா அடிக்கும்போலத்தான் இருக்குது. நாளைக்குக் காத்தால நான் போன் போடறேன்."

அங்கமுத்து வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டிருந்தார். கோபமாக எல்லாம் சொல்லவில்லை, ரொம்ப மரியாதையாகத்தான் சொன்னார்.

"அண்ணனையே கூப்பிடச் சொல்லுங்க்கா. உங்களுக்கு எதுக்குங்க இந்தத் தொந்தரவெல்லாம்."

"சரிங்க" என்றார் மயிலக்கா.

அங்கமுத்துவுக்கு அக்கா 'ங்க' போட்டு நான் கேட்டதே இல்லை. 'என்னங்க்கா இது, எனக்குப் போயி' என்று அவர் பதறுவார் என்று காத்திருந்தேன். அவர் தலையை ஆட்டிவிட்டுப் படி இறங்கிப் போனார்.